அஞ்சுகம் சொல்லாமல் விட்டது

அமருங்கள் ஐயா. அந்த நாற்காலி ஆடும். இந்தப் பக்கம் வாருங்கள். சற்று முன் உள்ளே தள்ளிக்கொண்டு போனார்களே, அது உங்கள் வண்டிதானே? ஓடிக்கொண்டிருக்கும்போதே நின்றுவிட்டது என்று சர்வீஸ் மேசையில் இருக்கும் அந்தப் பெண்ணிடம் நீங்கள் சொன்னதைக் கேட்டேன். பெட்ரோல் இருக்கிறது, பேட்டரி இருக்கிறது, ஆயினும் நின்றுவிட்டது. பிளக்கை மாற்ற வேண்டும் என்பார்கள், உடனே ஒப்புக்கொள்ளாதீர்கள். இருக்கைக்கு அடியில் கம்பிக் கற்றை ஒன்று போகிறது. அதில் ஏதோ ஒரு கம்பியின் நுனியில், உங்கள் சுண்டுவிரல் நகத்தைவிடச் சிறிய பித்தளைத் துண்டு ஒன்று, தான் பிடிக்க வேண்டிய கம்பியைச் சரியாகப் பிடிக்காமல் இருக்கும். அதைப் பார்க்கச் சொல்லுங்கள்.

எனக்கு எப்படித் தெரியும் என்கிறீர்களா? இதே ஓசூரில், சிப்காட்டில், இரு சக்கர வண்டிகளுக்குக் கம்பிக் கற்றை செய்யும் கம்பெனியில் இருபத்தெட்டு ஆண்டுகள் இருந்தவன் நான். பெயர் சிங்காரவேலு. ஓய்வு பெற்று ஐந்து ஆண்டுகள் ஆகின்றன. என் வண்டிக்குக் கோளாறு ஒன்றும் இல்லை, கழுவ விட்டிருக்கிறேன். நாளை மறுநாள் என் மனைவி அஞ்சுகத்துக்கு அதே கம்பெனியில் பிரிவுபசார விழா. அவளைப் பின்னால் ஏற்றிக்கொண்டு போகும்போது வண்டி சேறும் சகதியுமாக இருக்கலாகாது அல்லவா? விழாவில் நானும் பேச வேண்டும் என்று மேலாளர் ராஜரத்தினம் கேட்டுக்கொண்டிருக்கிறார். ஐந்து நிமிடம் போதும் என்று இரண்டு முறை சொன்னார். பதினொரு நாட்களாக எழுதிக்கொண்டிருக்கிறேன்.

எட்டாம் வகுப்புக்கு மேல் நான் பள்ளிக்கூடம் போனதில்லை. ஆனால் எங்களிடம் கற்றை வாங்கும் வாடிக்கைக் கம்பெனி அனுப்பும் ஆங்கிலத் தரக்குறிப்பு நூலை, ஓர் அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, இரண்டு ஆண்டுகளில் வரிவரியாகப் படித்துத் தமிழில் எழுதி முடித்தவன். எல்லோரும் கிரிம்பிங் என்று சொல்வதற்கு அந்த நோட்டில் நான் ‘நெரிப்பிணைப்பு’ என்று பெயர் வைத்தேன். யாரும் வழங்கவில்லை, பண்டிதர் என்று எனக்குத்தான் பெயர் வைத்தார்கள். அதைக் கேலி என்று சிலர் நினைத்திருக்கலாம்.

வேலை இன்னதென்று சொல்லிவிடுகிறேன். அந்தப் பித்தளைத் துண்டுக்கு டெர்மினல் என்று பெயர். அதைக் கம்பி நுனியில் வைத்து எந்திரம் ஒரே குத்தில் நெரித்துவிடும். பிடித்ததா இல்லையா என்று கண்ணால் சொல்ல இயலாது. ஆகவே ஒவ்வொரு பெட்டியிலிருந்தும் சில துண்டுகளை எடுத்து, இழுவை எந்திரத்தில் ஒருபுறம் டெர்மினலையும் மறுபுறம் கம்பியையும் மாட்டி, பிய்த்துக்கொண்டு வரும்வரை இழுப்போம். எந்த எண்ணில் பிய்ந்ததோ அதைப் பதிவேட்டில் எழுதுவோம். எழுபதுக்குக் குறைந்தால் பெட்டியே திரும்பிப் போகும். அந்த இழுவை எந்திரத்தின் முன் இருபது ஆண்டுகள் நாற்காலி போட்டு அமர்ந்திருந்தவன் நான். என் பதிவேட்டில் நூற்றுக்குக் குறைந்த ஓர் எண்ணைக் காண வேண்டுமானால் நீங்கள் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

அஞ்சுகம் நான்காம் எந்திரத்தில் நெரிப்பவள். நின்றுகொண்டே செய்யும் வேலை. அவள் நெரிப்பாள், நான் இழுப்பேன். வீட்டிலும் வெளியிலும் அந்த வரிசை மாறியதில்லை.

நிற்க. எட்டு ஆண்டுகளுக்கு முன், ஒரு மழைக்காலத்தில், வண்டிகள் நடுச்சாலையில் நின்றுவிடுகின்றன என்று வாடிக்கைக் கம்பெனிக்குப் புகார்கள் போயின. அவர்கள் ஒரு கடிதம் அனுப்பினார்கள். இனிமேல் கண்டவரும் சோதித்துக் கையெழுத்திடக் கூடாது. தேர்வு வைத்து ஒரே ஒருவரைத் தெரிந்தெடுக்க வேண்டும். அவருடைய முத்திரை விழாத பெட்டி வெளியே போகக் கூடாது. அந்த ஒருவருக்குக் கண்ணாடி அறை உண்டு, நாற்காலி உண்டு, எண் பொறித்த முத்திரை உண்டு. முத்திரை எண் ஒன்று, ஐயா. அது யாருக்காக வந்தது என்று கம்பெனியில் துப்புரவு செய்கிறவருக்குக்கூடத் தெரியும். பெயரளவுக்குத்தான் தேர்வு. நானே தேநீர் வேளையில் எழுந்து நின்று, விருப்பமுள்ளவர் எவர் வேண்டுமானாலும் பெயர் கொடுக்கலாம் என்று அறிவித்தேன். அப்படி அறிவித்தால் எவரும் கொடுக்கமாட்டார்கள் என்பதுதான் அதன் பொருள். எல்லோருக்கும் அது புரிந்தது.

மூன்றாம் நாள் அறிவிப்புப் பலகையில் இரண்டு பெயர்கள் இருந்தன. அஞ்சுகம். சிங்காரவேலு. அவள் பெயர் மேலே.

அகர வரிசை என்றார்கள். அகர வரிசை எனக்கும் தெரியும். ஆனால் வழியில் போகிறவர்கள் நின்று படிக்கும்போது அகர வரிசையா நினைவுக்கு வரும்? நான் அன்று நான்கு முறை அந்தப் பக்கம் போனேன். நான்கு முறையும் அவள் பெயர்தான் மேலே இருந்தது. எந்திரக்காரப் பெண்கள் கைகொட்டிச் சிரித்து, “என்ன பண்டிதரே, வீட்டுல பாஸா பெயிலா?” என்று கேட்டார்கள். நான் பொறாமைப்பட்டதாக நினைத்துவிடாதீர்கள். பொறாமைப்பட ஏதாவது இருந்தால்தானே?

மாலையில் வீட்டில் கேட்டேன். அவள் செருப்பைக் கழற்றிவிட்டு, கால் இரண்டையும் நீட்டி, சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். “நீங்கதான யாரு வேணா குடுக்கலாம்னு சொன்னீங்க” என்றாள். பிறகு, “காலு முடியலங்க. உக்காந்து பாக்கற வேலன்னா இன்னும் எட்டு வருசத்த ஓட்டிடுவேன். உங்களுக்குத்தான் ஏற்கெனவே நாற்காலி இருக்குதே” என்றாள். எவ்வளவு எளிதாகச் சொல்லிவிட்டாள் பாருங்கள். கால் வலிக்கு மருந்து இருக்கிறது. முத்திரையா மருந்து?

அதற்குப் பிறகு வந்த மூன்று வாரங்களை நான் மறக்கமாட்டேன். ஐம்பது வயதில் ஒருத்தி பள்ளிப் பிள்ளை போல மாறிப்போனாள். கம்பெனியில் கழித்த கம்பித் துண்டுகளைக் கேட்டு வாங்கி வந்து, பூதக்கண்ணாடியை வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தாள். நெரித்த இடத்தின் உயரத்தை அளக்க ஒரு மைக்ரோமீட்டர் உண்டு. தலைமயிரின் பருமனைக்கூட அளந்து சொல்லும். அதை வைத்துத் தன் எந்திரத்தில் நெரித்த ஒவ்வொரு துண்டையும் அளந்து, பழைய நாட்காட்டித் தாள்களின் பின்புறத்தில் எண்களாக எழுதி வந்தாள். நான் அதைத் தொடுவதில்லை. அனுபவமுள்ளவனுக்கு எதற்கு அளவி? எந்திரத்தின் திருகாணியை ஒரு சுற்று திருப்பி, கையால் தடவிப் பார்த்தால் எனக்குத் தெரிந்துவிடும்.

என் நோட்டை பீரோவில் வைத்துப் பூட்டி, சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன். அவள் கேட்டால் மறுப்பதற்கு நல்ல வாக்கியம் ஒன்றையும் ஆயத்தமாக வைத்திருந்தேன். அவள் கேட்கவே இல்லை. மூன்று வாரமும் கேட்கவில்லை. என்னைச் சுட்டது எது என்று கேட்டால் அதைத்தான் சொல்வேன்.

பின் எங்கே கற்றாள்? சோதனை அறைச் சுவரில் தரக்குறிப்பைப் படம் படமாக ஒட்டியிருந்தார்கள். மதிய உணவு வேளையில் சாப்பாட்டைத் திறக்காமல் அங்கே போய் நிற்பாள். ஒரு நாள் மேலாளர் ராஜரத்தினமும் பக்கத்தில் நின்று விரலால் ஏதோ காட்டிக்கொண்டிருந்தார். அவள் ஏதோ சொன்னாள், அவர் சிரித்தார். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று கடிகாரத்தைப் பார்த்தேன். எட்டு நிமிடம். என் நோட்டை அவரிடம் நான் கொடுத்தபோது, நின்றபடியே நான்கு பக்கம் புரட்டிவிட்டு, அருமை என்று திருப்பித் தந்தார். அதற்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. அன்று என் டிபன் டப்பாவிலும் அவள் டப்பாவிலும் ஒரே புளிச்சோறுதான் இருந்தது; எனக்கு இறங்கவில்லை.

தேர்வு செவ்வாய்க்கிழமை என்று முடிவாயிற்று. அதற்கு முந்தைய சனிக்கிழமை மாலை, அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தவள், தலையை நிமிர்த்தாமலே சொன்னாள்: “ஏங்க, நீங்க இழுக்கறப்ப பின்னால இருக்கற இறக்கையத் திறந்து விடறதில்லல்ல? திறந்துட்டுத்தான் இழுக்கணும். படத்துல போட்டிருக்குது. செவ்வாக்கெழம அப்படியே செஞ்சிடுங்க.”

இதை உங்களுக்கு விளக்க வேண்டும். டெர்மினலில் இரண்டு ஜோடி இறக்கைகள் உண்டு. முன் இறக்கை செம்புக் கம்பியைக் கவ்வும். பின் இறக்கை கம்பியின் மேலிருக்கும் பிளாஸ்டிக் தோலைக் கவ்வும். மின்சாரம் போவது செம்பின் வழியாக. ஆகவே முன் இறக்கையின் பிடி மட்டும் எவ்வளவு என்று பார்க்க வேண்டுமாம். பின் இறக்கையும் மூடியிருந்தால் தோலின் வலுவும் சேர்ந்துகொண்டு எண் ஏறிவிடுமாம். அந்த வரியை நானும் படித்திருக்கிறேன். என் நோட்டில் முப்பத்தொன்றாம் பக்கத்தில் மொழிபெயர்த்தும் இருக்கிறேன். ஆனால் அது தங்கள் கைவேலையில் ஐயமுள்ளவர்களுக்காக எழுதப்பட்ட வரி என்றே எனக்குப் பட்டது. வண்டியில் மாட்டும்போது பின் இறக்கையைத் திறந்துவிட்டா மாட்டுகிறார்கள்? இருபது ஆண்டுகளாக மூடியபடிதான் இழுத்தேன்.

அதுவன்றி, ஐயா, போட்டிக்கு நிற்கிறவள் ஏன் வலிய வந்து சொல்கிறாள்? திறந்தால் என் எண் குறையும். நூற்றுப் பத்து எண்பதாகும். அவளுக்கும் எனக்கும் வேறுபாடு இல்லாமல் போகும். அவரைக்காய் நறுக்குவது போல என் எண்ணை நறுக்கப் பார்க்கிறாள் என்று அந்தக் கணமே கண்டுகொண்டேன். “உன் வேலையை நீ பார்” என்றேன். “சரிங்க” என்றாள்.

செவ்வாய்க்கிழமை புனேயிலிருந்து வாடிக்கைக் கம்பெனியின் ஆய்வாளர் அப்யங்கர் என்பவர் வந்தார். அவர் ஆங்கிலத்தில் பேச, மேலாளர் தமிழில் சொன்னார். ஒவ்வொருவரும் நெரிக்கும் எந்திரத்தைத் தாமே திருகிச் சரிசெய்து, பதினைந்து துண்டு நெரித்து, அதில் பத்தை இழுத்துக் காட்ட வேண்டும். எந்திரக்காரப் பெண்கள் எல்லோரும் சுற்றி நின்றார்கள். அகர வரிசைப்படி அவள்தான் முதலில்.

ஒவ்வொரு துண்டையும் அளந்தாள். சிறு குறடு ஒன்றால் பின் இறக்கையை நெம்பித் திறந்தாள். இழுத்தாள். எண்பத்து நான்கு. எண்பத்தாறு. எண்பத்து மூன்று. பத்தும் அந்தச் சுற்றுவட்டத்தில்தான். எவ்வளவு நேரம் எடுத்துக்கொண்டாள் தெரியுமா? நாற்பது நிமிடம். மறைக்காமல் சொல்கிறேன், எனக்குச் சிரிப்பு வந்தது.

நான் பத்து நிமிடத்தில் முடித்தேன். நூற்று ஒன்பது. நூற்றுப் பன்னிரண்டு. நூற்று எட்டு. கூட்டத்தில் யாரோ கைதட்டினார்கள். அஞ்சுகம் கைதட்டவில்லை. அவள் என் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள், முகம் வெளுத்திருந்தது. தோற்றுப்போகிறவரின் முகம் அப்படித்தான் இருக்கும்.

அப்யங்கர் முன்னே வந்தார். தட்டில் மீதமிருந்த என் ஐந்து துண்டுகளை எடுத்தார். குறட்டால் பின் இறக்கைகளைத் தாமே திறந்தார். இழுத்தார். அறுபத்தொன்று. ஐம்பத்தெட்டு. அறுபத்து மூன்று. மற்ற இரண்டையும் இழுக்காமலே கீழே வைத்தார்.

அந்தக் குறடு எனக்குப் பழக்கமில்லாத குறடு. அவர் திறக்கும்போதே கம்பியை நசுக்கியிருப்பார். அதைச் சொல்வதற்குள் என் பதிவேட்டை எடுத்துவரச் சொன்னார். பக்கம் பக்கமாகப் புரட்டினார். பிறகு மேலாளரிடம் மெதுவாக ஏதோ சொன்னார். மேலாளர் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: “பின் இறக்கையத் திறக்கணும்னு உங்களுக்குத் தெரியுமா தெரியாதான்னு கேக்கறாரு. தெரியாம செஞ்சிருந்தா வேற எடத்துக்கு மாத்திடலாமாம். தெரிஞ்சே செஞ்சிருந்தா இது மொத்தமும் பொய்ப் பதிவாம். வேலையில வச்சிருக்க முடியாதுங்கறாரு.”

நான் உரிய வாக்கியத்தை அமைத்துக்கொண்டிருந்தேன். முப்பத்தொன்றாம் பக்கம், அந்த வரியின் நோக்கம், அதன் வரம்பு, எல்லாவற்றையும் ஒரே வாக்கியத்தில் சொல்ல வேண்டும் அல்லவா? அதற்குச் சற்று நேரம் பிடிக்கும். அப்போதுதான் அஞ்சுகம் கூட்டத்திலிருந்து முன்னே வந்தாள்.

“அவருக்குத் தெரியாதுங்க சார். எனக்குத்தான் தெரியும். நான் வீட்ல சொல்லல” என்றாள்.

மேலாளர் அவளையே பார்த்தார். “ஏம்மா சொல்லல?”

“சொன்னா அவரு ஜெயிச்சிருவாருல்ல.”

கேட்டீர்களா ஐயா? அத்தனை பேர் முன்னிலையில், தன் வாயாலேயே. யார் யாரைக் கண்டு பொறாமைப்பட்டார்கள் என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்?

மேலாளர் என் பக்கம் திரும்பினார். “அப்படியா சிங்காரவேலு? அவங்க சொல்லலையா?” என்று கேட்டார். பண்டிதரே என்று கூப்பிடவில்லை; பெயரைச் சொல்லிக் கேட்டார்.

“சொல்லவில்லை” என்றேன்.

சனிக்கிழமை சொன்னாளே என்று நீங்கள் நினைப்பது உங்கள் முகத்தில் தெரிகிறது. காய் நறுக்கிக்கொண்டே சொல்வதெல்லாம் சொல்வதாகுமா? அலுவல் செய்தி என்றால் அலுவலகத்தில், எழுத்தில், தேதியிட்டுத் தர வேண்டும். மேலும், ஒரு பெண் சபையில் துணிந்து ஒன்றைச் சொன்ன பிறகு, கணவன் எழுந்து அது பொய் என்று சொன்னால் அவளுக்கல்லவா இழுக்கு? அதையும் நான் எண்ணிப் பார்த்தேன். அப்போதே எண்ணினேனா, பிறகு எண்ணினேனா என்பது இப்போது நினைவில்லை.

அப்யங்கர் பதிவேட்டை மூடினார். பிறகு அவர் சொன்னதை மேலாளர் தயங்கித் தயங்கித் தமிழாக்கினார். இந்த அம்மாவின் சோதனையில் குறையே இல்லையாம். தாம் பார்த்த தொழிற்சாலைகளில் இவ்வளவு நேர்த்தியாகச் செய்தவர் வேறு இல்லையாம். ஆனால் பக்கத்தில் இருப்பவர் தவறு செய்வது தெரிந்தும், தான் வெல்ல வேண்டும் என்று வாய் மூடி இருந்தவரிடம் முத்திரையைக் கொடுக்க முடியாதாம். அஞ்சுகம் தலையை ஆட்டினாள். குறடு அவள் கையிலேயே இருந்தது; அதைத் துணியால் துடைத்துப் பெட்டியில் வைத்துவிட்டு நான்காம் எந்திரத்துக்குப் போனாள். மாலை ஷிப்ட் முடிய இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது.

முத்திரை பெங்களூர்க் கிளையிலிருந்து வந்த ஒருவருக்குப் போயிற்று. கிடங்கில் இருந்த பெட்டிகளையெல்லாம் திறந்து, பின் இறக்கையைத் திறந்து, மறுபடி இழுத்துப் பார்த்தார்கள். எல்லாமே எண்பதுக்கு மேல். ஒரு பெட்டிகூடத் திரும்பவில்லை. நான் கையெழுத்திட்ட பெட்டிகள்தாமே அவை? நான்காம் எந்திரமும் அதன் தோழிகளும் நெரித்தவை என்று யாரோ சொன்னார்கள். நெரித்தவர் யாராயிருந்தாலும் கையெழுத்து என்னுடையது. என்னைப் பொதிகட்டும் பிரிவுக்கு மாற்றினார்கள். அங்கேயும் நாற்காலி கொடுத்தார்கள், மரியாதைக்குக் குறைவில்லை. மூன்று ஆண்டுகள் இருந்து, முழுப் பணிக்கொடையும் பெற்று வந்தேன்.

அன்று வீடு திரும்பியதும் அவள் வாளியில் வெந்நீரும் கல்லுப்பும் போட்டுக் கால்களை அதில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். நான் பெருந்தன்மையோடு எதிரே போய் நின்று, “நீ செய்ததை நான் மன்னித்துவிட்டேன்” என்றேன். அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். ஏதோ சொல்லப்போகிறாள் என்று நினைத்தேன். “இன்னொரு செம்பு வெந்நீர் ஊத்துங்க” என்றாள். ஊற்றினேன்.

அதோடு சரி. இந்த எட்டு ஆண்டுகளில் அதைப் பற்றி அவள் என்னிடம் ஒரு சொல் பேசியதில்லை. உறவினர் யாராவது வந்து, அண்ணனை ஏன் பொதிகட்டப் போட்டார்கள் என்று கேட்டால் மட்டும், நான் வாய் திறப்பதற்குள் அவளே சொல்லிவிடுவாள்: “நாந்தான் ஒண்ணு சொல்லாம விட்டுட்டேன்.” எட்டு ஆண்டுகளும் நின்றுகொண்டே அதே நான்காம் எந்திரத்தில் நெரித்தாள். இந்த மாதத்தோடு அவள் பணி முடிகிறது.

என் உரை நான்கு பக்கம். இதோ, சட்டைப்பையிலேயே வைத்திருக்கிறேன். இன்று காலை அவளிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னேன். உட்கார் என்றேன், நின்றபடியே நான்கு பக்கத்தையும் படித்தாள். “நல்லா எழுதியிருக்கீங்க. மன்னித்தேன்னு மட்டும் மூணு எடத்துல வருது. ஒண்ணு போதுங்க” என்று சொல்லிவிட்டுச் சட்டினி அரைக்கப் போய்விட்டாள்.

சரியான திருத்தம்தான்; கூறியது கூறலாகாது என்பது எனக்கும் தெரியும். என்னிடம் சொல்லாமல் பெயர் கொடுத்ததை மன்னித்தேன் என்று முதல் பக்கத்தில் இருந்தது. அடித்துவிட்டேன். மேலாளரோடு எட்டு நிமிடம் நின்று பேசியதை மன்னித்தேன் என்று இரண்டாம் பக்கத்தில் இருந்தது. அதையும் அடித்துவிட்டேன். மூன்றாம் பக்கத்தில் உள்ளதுதான் எஞ்சியிருக்கிறது: ‘அன்று அவள் என்னிடம் சொல்லாமல் விட்டதை நான் மன்னித்தேன்.’

மூன்றும் சேர்ந்திருந்தபோது படிக்க நன்றாகத்தான் வந்தது ஐயா. தனியாக நிற்கும் இதை மட்டும் காலையிலிருந்து வாய்விட்டுப் படித்துப் பார்க்கிறேன், பாதியில் நின்றுவிடுகிறது. வாக்கியத்தில் பிழை ஒன்றும் இல்லை. ஒருவேளை என் குரலாக இருக்கலாம். உங்கள் வண்டி வர இன்னும் நேரமாகும் போலிருக்கிறது. இந்தாருங்கள், இந்த ஒரு வரியைச் சற்று உரக்க வாசியுங்கள். நான் கேட்கிறேன்.